மண்ணுமங்கலம் என்றால் பூமி பூஜையா?

கேரளத்தில் பாலக்காட்டு எல்லையில் இருக்கும் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் வீடு கட்டத் தொடங்கும் ஒரு தம்பி கேட்டிருக்கும் கேள்வி இது: “என் மாமா தமிழ்ப் பற்று மிகுந்தவர். பூமி பூஜை என்று வடமொழியில் போடக் கூடாது என்று சொல்லி, பத்திரிகையில் ‘மண்ணுமங்கல விழா’ என்று அச்சடித்துக்கொண்டு வந்துவிட்டார். எனக்குச் சந்தேகம் வந்து அகராதியைப் புரட்டினேன். ‘அரசன் முடிசூடும்போது ஆடும் நீராட்டு’ என்று போட்டிருக்கிறது. எது சரி? இந்தச் சொல்லை இந்தக் காலத்தில் எங்கேயாவது பயன்படுத்த முடியுமா?”

அகராதி சொல்வதுதான் சரி, தம்பி. உங்கள் வீட்டு மனைக்கும் மண்ணுமங்கலத்துக்கும் சம்பந்தமே இல்லை. ஆனால் மாமா மேல் கோபப்பட வேண்டாம். அவர் தடுக்கி விழுந்த இடம் நம் ஊர்க்காரர்கள் எல்லாருமே விழக்கூடிய இடம். இங்கே மலையாளத்தில் நிலத்து மண்ணை ‘மண்ணு’ என்றுதான் சொல்கிறார்கள். நம் பேச்சுத் தமிழிலும் ‘காலெல்லாம் மண்ணு’ என்றுதானே சொல்கிறோம். அப்படியிருக்க, மண்ணுமங்கலம் என்று கேட்டால் மனைக்குச் செய்யும் மங்கலம் என்று தோன்றாமல் வேறென்ன தோன்றும்?

சொல்லைப் பிரித்துப் பார்த்தால் விஷயம் தெரிந்துவிடும். இதில் இருக்கும் ‘மண்ணு’ பெயர்ச்சொல் அல்ல, வினை. எண்ணு, பண்ணு என்பதைப் போல மண்ணு. மண்ணினான், மண்ணி, மண்ணிய என்றெல்லாம் வரும். கழுவுதல், குளித்தல், குளிப்பாட்டுதல், தேய்த்துத் துலக்குதல் என்பவை அதன் பொருள். மண்ணுமங்கலம் என்பது ஊறுகாய், சுடுசோறு மாதிரி ஒரு வினைத்தொகை. குளித்துச் செய்கிற மங்கலம் என்று விரித்துக்கொள்ளலாம். நிலத்து மண்ணாக இருந்தால் மண் + மங்கலம் சேர்ந்து மண்மங்கலம் என்று ஆகியிருக்கும். கரூர்ப் பக்கம் அந்தப் பெயரில் ஓர் ஊரே இருக்கிறது, தாலுகா தலைநகர். அங்கே ‘மங்கலம்’ ஊர்ப்பெயரின் பின்னொட்டு, அது வேறு கதை.

இந்த ‘மண்ணு’ இன்று செத்துப்போன வினை. யாரும் ‘மண்ணிவிட்டு வருகிறேன்’ என்று சோப்பு எடுத்துக்கொண்டு போவதில்லை. ஆனால் சங்கப் பாட்டுகளில் நன்றாகப் புழங்கியிருக்கிறது. நமக்குப் பக்கத்து மலைக்காரனிடமிருந்தே ஒரு உதாரணம் தருகிறேன். பழனி மலைப் பக்கம் ஆண்ட பேகன் மனைவியைப் பிரிந்திருக்கிறான். அவளோ எண்ணெய் வைக்காத தலையோடு அழுதுகொண்டு கிடக்கிறாள். பெருங்குன்றூர் கிழார் அவனிடம் போய், எனக்குப் பரிசில் என்று எதுவும் வேண்டாம், நீ இன்றைக்கே வீட்டுக்குப் போ, அவள் கூந்தல் ‘மண்ணுறு மணியின் மாசுஅற மண்ணி’ப் பூச்சூடட்டும், அதுதான் என் பரிசில் என்கிறார் (புறநானூறு 147). ஒரே அடியில் இரண்டு முறை வருகிறது பாருங்கள். முதல் ‘மண்ணு’ மணியைத் துலக்குவது, இரண்டாவது கூந்தலை அலசுவது.

இன்னொன்று எல்லாருக்கும் தெரிந்த கதை. மோசிகீரனார் என்ற புலவர், சேரமான் தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறையின் அரண்மனையில் அரச முரசை வைக்கும் முரசுக் கட்டில் என்று தெரியாமல் ஏறிப் படுத்துத் தூங்கிவிட்டார். வாளை உருவியிருக்க வேண்டிய அரசன் விசிறி எடுத்து வீசினான். பள்ளிக்கூடத்தில் இதைப் பாடமாக நடத்தியபோதெல்லாம் பிள்ளைகள் கேட்கும் ஒரு கேள்வி உண்டு: “கட்டில் ஏன் சார் காலியா இருந்துச்சு? முரசு எங்க போச்சு?” அதற்கான விடை அந்தப் பாட்டிலேயே இருக்கிறது: ‘உருகெழு முரசம் மண்ணி வாரா அளவை’ (புறநானூறு 50). முரசைக் குளிப்பாட்டக் கொண்டுபோயிருந்தார்கள். அது குளித்துவிட்டுத் திரும்புவதற்குள் இவர் வந்து படுத்துவிட்டார். அந்த முரசுக்கு மயில்பீலியும் உழிஞைப் பூவும் சூட்டியிருந்ததாக முன் அடிகள் சொல்கின்றன. அரசுக்கு உரிய பொருளை நீராட்டுவதும் அதற்குச் சூட்டுவதும் சேர்ந்தே வருவதைக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள்.

சிலப்பதிகாரத்தில் மாதவி அரங்கேறும் இடத்திலும் இதே வரிசைதான். தோற்ற அரசனிடமிருந்து கைப்பற்றிய வெண்குடையின் காம்பை எடுத்து மணி பதித்து, பொன்தகடு வேய்ந்து, ஆடல் மகளிரைச் சிறப்பிக்கும் தலைக்கோல் செய்கிறார்கள். அதை இந்திரன் மகன் சயந்தனாக நினைத்து வணங்குகிறார்கள். அப்புறம் ‘புண்ணிய நன்னீர் பொற்குடத்து ஏந்தி மண்ணிய பின்னர் மாலை அணிந்து’ அரசயானையின் கையில் கொடுக்கிறார்கள். பொற்குடம், புண்ணிய நீர், மாலை, பட்டத்து யானை என்று எல்லாம் இருக்கின்றன. ஒரு கோலுக்கு நடக்கும் முடிசூட்டு விழா என்றே இதைச் சொல்லிவிடலாம். இங்கேயும் ‘மண்ணிய பின்னர்’தான் மாலை.

சரி, மண்ணுமங்கலத்துக்கு வருவோம். போரையும் அரசரையும் பாடும் பாட்டுகளுக்கு இலக்கணம் சொல்லும் தொல்காப்பியப் புறத்திணையியலில் இந்தச் சொல் மூன்று இடங்களில் வருகிறது. மூன்றும் ஒன்றல்ல.

பாடாண் திணையில், அரசனைப் பாடும் பல துறைகளை அடுக்கும் சூத்திரத்தில், பிறந்தநாள் கொண்டாட்டமான பெருமங்கலத்துக்கு அடுத்தபடியாக ‘சிறந்த சீர்த்தி மண்ணும் மங்கலமும்’ என்று ஒன்று. இதுதான் உங்கள் அகராதி எடுத்துக்கொண்ட பொருள். உரைகாரர்கள் இதை முடிபுனைதலோடு சேர்ந்த நீராட்டு என்று கொள்கிறார்கள். சிறந்த சீர்த்தி என்ற அடைமொழியைக் கவனிக்க வேண்டும். வெறும் குளியல் அல்ல, பெரும் புகழைத் தருகிற குளியல். இரண்டாவது, கோட்டை முற்றுகையைப் பாடும் உழிஞைத் திணையில்: ‘இகல்மதில் குடுமி கொண்ட மண்ணுமங்கலம்’. பகைவனின் கோட்டைக்குள் புகுந்து, அவன் முடியைக் கைப்பற்றி, தோற்றவனின் நகரத்திலேயே முடிபுனைந்து நீராடுவது. குடுமி என்றால் இங்கே முடி. பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதியின் பெயரில் இருக்கும் அதே குடுமி. பிற்கால இலக்கண நூலான புறப்பொருள் வெண்பாமாலை இந்தத் துறையை வேறு மாதிரி வளைத்து, மதிலையே ஒரு குமரியாக்கி, வென்றவன் அவளை மணப்பதாகச் சொல்கிறது. நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் தொல்காப்பியத்தின் நேரடித்தனம் எனக்குப் பிடித்திருக்கிறது.

மூன்றாவதுதான் உங்கள் மாமாவுக்குச் சிக்கல். மறுபடியும் பாடாண் திணையில், ‘மன்னெயில் அழித்த மண்ணுமங்கலம்’. உரைகாரர் நச்சினார்க்கினியர் விளக்கம் தருகிறார்: பகைவன் கோட்டையை இடித்து, அந்த இடத்தைக் கழுதை பூட்டிய ஏரால் உழுது, வெள்ளை வரகும் கொள்ளும் விதைத்து, இப்படி மங்கலம் அல்லாத காரியங்களைச் செய்த அரசன், பிறகு மங்கலமாக நீராடுவது. அதாவது ஒரு ஊரைத் தரைமட்டமாக்கிவிட்டுத் தலைமுழுகுவது. முதுகுடுமிப் பெருவழுதியைப் பாடிய நெட்டிமையாரும் ‘வெள்வாய்க் கழுதைப் புல்லினம் பூட்டிப் பாழ்செய்தனை அவர் நனந்தலை நல்லெயில்’ என்று இதைப் பாடியிருக்கிறார் (புறநானூறு 15). கொள்ளைப் பற்றி ஒரு வார்த்தை: நம் பக்கத்தில் அது மாட்டுக்கும் போடுவோம், பருப்பாகக் கடைந்தும் சாப்பிடுவோம், மலையாளத்தில் முதிர. நெல் விளைந்த மருத நிலத்துக் கோட்டையில் வரகும் கொள்ளும் விதைத்தால் அது அவமானம். நம் வானம்பார்த்த காட்டில் அதுவே சாப்பாடு.

புது வீட்டுக்கு அஸ்திவாரம் போடும் பத்திரிகையில் மாமா அச்சடித்தது, மூன்றில் ஒரு பொருளின்படி, ‘இந்த இடத்தைக் கழுதை பூட்டி உழப் போகிறோம்’ என்று ஆகிறது! அவரிடம் இதைச் சொல்ல வேண்டாம். மனுஷர் தூங்கமாட்டார்.

இதெல்லாம் இலக்கணத்தில் மட்டும் இருக்கும் சங்கதி என்று நினைத்துவிடாதீர்கள். 1216-இல் பட்டத்துக்கு வந்த முதலாம் மாறவர்மன் சுந்தரபாண்டியனின் மெய்க்கீர்த்தியை, அதாவது கல்வெட்டில் அரசன் புகழைப் பாடும் பகுதியை, படித்தால் ஆச்சரியமாக இருக்கும். தஞ்சையையும் உறந்தை எனும் உறையூரையும் செந்தழல் கொளுத்தி, மாளிகைகளை இடித்து, ‘கழுதை கொண்டுழுது கவடி விச்சி’, சோழனைக் காட்டுக்குத் துரத்தி, அவன் பொன்முடியைப் பறித்துப் பாணனுக்குக் கொடுத்துவிட்டு, கடைசியில் ஆயிரத்தளியில் சோழர்களுடைய அபிஷேக மண்டபத்திலேயே ‘வீராபிஷேகம்’ செய்துகொள்கிறான். உழிஞையின் மண்ணுமங்கலமும் பாடாணின் மண்ணுமங்கலமும் ஒரே படையெடுப்பில், ஒரே கல்வெட்டில். பெயர்தான் மாறியிருக்கிறது. பழைய மண்ணுமங்கலத்தின் இடத்தில் வீராபிஷேகம் என்ற வடசொல் வந்து உட்கார்ந்துகொண்டது. மண்ணு என்ற வினை வழக்கொழிந்துபோனதுக்கும் இதுக்கும் தொடர்பு இருக்கும் என்றே எனக்குப் படுகிறது. வினை செத்தால் தொகை எத்தனை நாள் தாங்கும்?

இந்த வீராபிஷேகம் அதற்கு முன்பும் நடந்திருக்கிறது, பின்பும் நடந்திருக்கிறது. மூன்றாம் குலோத்துங்க சோழன் மதுரையை வென்று அங்கேயே வீராபிஷேகமும் விஜயாபிஷேகமும் செய்துகொண்டான். சுந்தரபாண்டியன் திருப்பிக் கொடுத்தது அதற்குத்தான். 1251-இல் பட்டமேறிய சடையவர்மன் சுந்தரபாண்டியன் வடக்கே நெல்லூர் வரை போய் அங்கே வீராபிஷேகம் செய்தான். நம் மலைநாட்டுக்காரர் ஒருவரும் இந்தப் பட்டியலில் இருக்கிறார். கொல்லத்திலிருந்து வேணாட்டை ஆண்ட ரவிவர்ம குலசேகரன், பாண்டிய நாட்டுக் குழப்பத்தைப் பயன்படுத்திக்கொண்டு காஞ்சிபுரம் வரைக்கும் போய்விட்டான். வேகவதி ஆற்றங்கரையில் தன் நாற்பத்தாறாம் வயதில் அவன் முடிசூடியதை அங்குள்ள அருளாளப் பெருமாள் கோயில் கல்வெட்டு சொல்கிறது. 1312-13 வாக்கில் நடந்தது. கொல்லத்துக்காரன் காஞ்சியில் முடிசூடியிருக்கிறான் என்று சொன்னால் இரண்டு பக்கமும் நம்ப மறுக்கிறார்கள்.

இப்போது உங்கள் கேள்விக்குள் ஒளிந்திருக்கும் இன்னொரு கேள்விக்கு வருகிறேன். முடிசூட்டுவது என்றால் தலையில் கிரீடம் வைப்பது. அதற்குப் போய் ‘குளியல்’ என்று ஏன் பெயர் வைத்தார்கள்? ஏனென்றால் முடிசூட்டு விழா என்பது ஒரு செயல் அல்ல, பல செயல்களின் வரிசை. நீராட்ட வேண்டும், நெற்றியில் பட்டம் கட்ட வேண்டும், முடி வைக்க வேண்டும், பெரியவர்கள் அரிசி தூவ வேண்டும், குடை பிடிக்க வேண்டும். இந்த வரிசையில் எந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டு மொத்த விழாவுக்கும் பெயர் வைப்பது என்பதில் மொழிக்கு மொழி, காலத்துக்குக் காலம் விருப்பம் மாறுகிறது. பழந்தமிழ் தண்ணீரைப் பிடித்துக்கொண்டது. வடமொழியும் அப்படியே: அபிஷேகம் என்றால் நீர் தெளித்தல், சொரிதல்தான். கோயிலுக்குக் குடமுழுக்கு என்கிறோமே, அது கட்டடத்துக்கு நடக்கும் மண்ணுமங்கலம்.

தெலுங்கும் கன்னடமும் நெற்றியைப் பிடித்துக்கொண்டன. பட்டம் என்பது நெற்றியில் கட்டும் பொன் தகடு. பட்டம் கட்டுதல் என்ற தொடரில் ‘கட்டு’ என்ற வினை ஏன் வருகிறது என்று யோசித்திருக்கிறீர்களா? நிஜமாகவே நாடாவில் கோத்துக் கட்டியதால்தான். இதைச் சொல்லும்போது சித்தூர் நினைவுக்கு வருகிறது, நம் பாலக்காட்டுச் சித்தூர் அல்ல, ஆந்திரத்துச் சித்தூர். அந்தப் பக்கத்துத் தமிழர்களின் பேச்சில் தேர்தலில் ஜெயித்தவரைப் பற்றி ‘ஜனங்க பட்டம் கட்டிட்டாங்க’ என்று வருவதைக் கேட்டிருக்கிறேன். தெலுங்கில் அது அன்றாடத் தொடர். நமக்குக் கொங்கில் பட்டக்காரர் இருக்கிறார், பட்டத்து யானை, பட்டத்தரசி இருக்கிறார்கள், கடைசியில் பட்டதாரியும் இருக்கிறார். பி.ஏ. முடித்தவர்கள் எல்லாரும், சொல்லின்படி பார்த்தால், நெற்றியில் பொன்தகடு கட்டியவர்கள். பட்டாபிஷேகம் என்ற சொல்லில் கட்டும் உண்டு, குளியலும் உண்டு.

மலையாளம் எதைப் பிடித்துக்கொண்டது தெரியுமா? அரிசியை. அங்கே முடிசூட்டு விழாவுக்குப் பழைய பெயர் அரியிட்டுவாழ்ச்ச. அரி என்றால் அரிசி. நான் வேலை பார்த்த பள்ளிக்கூடத்தில் தமிழ், மலையாளம் இரண்டு வாத்தியார்களுக்கும் ஒரே அறை. மலையாளம் எடுத்த டீச்சரிடம் ஒருமுறை, “அரியிட்டு வாழ்த்துவது, அதானே டீச்சரே? எங்களுக்கும் அறுகும் அரிசியும் தூவி வாழ்த்தும் வழக்கம் உண்டு” என்று பெரிதாக விளக்கம் கொடுத்தேன். டீச்சர் சிரித்துவிட்டு, “மாஷே, அது வாழ்த்தல்ல, வாழ்ச்ச” என்றார். எனக்கு அப்போதுதான் உறைத்தது. மலையாளத்தில் வாழுக என்றால் ஆட்சி செய்வது. நாடுவாழி என்றால் நாட்டை ஆள்பவன். அரியிட்டுவாழ்ச்ச என்றால் அரிசி தூவி ஆட்சியில் அமர்த்துவது. தமிழுக்கு இது அந்நியமும் அல்ல. வேணாட்டு அரசர்களின் தமிழ்க் கல்வெட்டுகளில் ‘வேணாடு வாழ்ந்தருளுகின்ற’ என்று வரும். அதை ‘வேணாட்டில் குடியிருக்கிற’ என்று படித்தால் அபத்தம், ‘வேணாட்டை ஆளுகிற’ என்று படிக்க வேண்டும். வாழ் என்ற சொல்லின் இந்தப் பொருளைத் தமிழ் கைவிட்டது, மலையாளம் வைத்துக்கொண்டது. எல்லையில் இருப்பதில் இப்படிச் சில லாபங்கள் உண்டு.

கோழிக்கோட்டுச் சாமூதிரி பட்டமேறியதும் அரியிட்டுவாழ்ச்சதான். ஆழ்வாஞ்சேரி தம்பிராக்கள் என்ற நம்பூதிரித் தலைவருக்கு அதில் முக்கிய இடம். கொச்சி அரசர்களின் கதை இன்னும் சுவையானது. அவர்களுடைய மூல இடமான வன்னேரியைச் சாமூதிரி பிடித்துக்கொண்டதால், அதை மீட்கும் வரை முடியைத் தலையில் சூடுவதில்லை என்று சபதம் எடுத்ததாக மரபு. அதனால் முடியை மடியில் வைத்துக்கொள்வார்கள். வன்னேரி மீளவே இல்லை. முடி மடியிலேயே இருந்துவிட்டது. முடி தலைக்கே ஏறாத ஒரு விழாவை முடிசூட்டு விழா என்று எப்படிச் சொல்வது? அரியிட்டுவாழ்ச்ச என்றால் பொருந்திப்போகிறது, அரிசி தலையில் விழுந்துவிடுகிறதே. திருவிதாங்கூரில் வேறு விதம். மார்த்தாண்ட வர்மா 1750-இல் நாட்டையே பத்மநாபசுவாமிக்கு எழுதிவைத்துவிட்டுப் பத்மநாபதாசன் ஆனார். அங்கே இரணியகர்ப்பம் என்று ஒரு சடங்கு: பஞ்சகவ்வியம் கலந்த நீர் உள்ள பெரிய பொன் பாத்திரத்துக்குள் அரசர் இறங்கி, மூழ்கி எழுந்து, புதிதாகப் பிறந்தவராக வெளியே வருவார். அதன் பிறகுதான் முடியும் குலசேகரப் பெருமாள் என்ற பெயரும். மறுபடியும் தண்ணீர் முன்னால், முடி பின்னால். தொல்காப்பியர் பார்த்திருந்தால் மண்ணுமங்கலம் என்று தயங்காமல் சொல்லியிருப்பார்.

முடியைப் பிடித்துக்கொண்ட சொற்களும் தமிழில் ஏராளம். சூடுதல், புனைதல், கவித்தல் என்று. இதில் கவித்தல் எனக்குப் பிடித்தது. மேலிருந்து வளைந்து மூடுவது கவிதல், அப்படி மூடச் செய்வது கவித்தல். கவிழ், கவிகை எல்லாம் அதன் சொந்தக்காரர்கள். கவிகை என்றால் குடை. குடை கவித்தல், முடி கவித்தல் இரண்டுக்கும் ஒரே வினை என்பதால் முடியும் ஒரு சிறிய குடைபோலக் கண்ணில் தெரிகிறது. கம்பர் இராமனின் பட்டாபிஷேகத்தில் இரண்டு வினைகளையும் பிரித்துக் கொடுக்கிறார்: ‘பரதன் வெண்குடை கவிப்ப’, கடைசியில் ‘வசிட்டனே புனைந்தான் மௌலி’. நடுவில் முடியை எடுத்துக் கொடுக்கும் வேலையைச் சடையப்ப வள்ளலின் முன்னோர்களுக்குக் கொடுத்துவிடுகிறார். சோறு போட்டவரை அயோத்தி வரைக்கும் கூட்டிக்கொண்டு போன நன்றி அது.

முடி என்ற சொல்லைப் பற்றியும் எல்லைக்காரன் கொஞ்சம் பேசியாக வேண்டும். மலையாளத்தில் தலைமயிருக்கு முடி என்பதே சாதாரணச் சொல், நாமும் முடிவெட்டும் கடை என்கிறோம். ஆனால் கிரீடம் என்ற பொருள் கேரளத்தில் கோயில் பக்கம் போனால் உயிரோடு நிற்கிறது. தெய்யக்காரர் தலையில் வைக்கும் பெரிய அலங்காரம் திருமுடி. காளி தாரிகனை வதைக்கும் கூத்து முடியேற்று, 2010-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. திருவனந்தபுரம் பக்கம் பத்திரகாளியின் முடியை வைத்து வணங்கும் இடங்களை முடிப்புரை என்கிறார்கள். அங்கே முடிதான் தெய்வம்.

சேரர்கள் இதிலும் வித்தியாசமானவர்கள். தம் முடியை விட மற்றவர்கள் முடியில்தான் அவர்களுக்கு ஆசை. பதிற்றுப்பத்து சேரனை ‘எழுமுடி மார்பின் எய்திய சேரல்’ என்கிறது. தோற்ற ஏழு அரசர்களின் முடிப்பொன்னால் மாலை செய்து மார்பில் போட்டுக்கொண்டவன். அந்தப் பெருமைக்குப் பின்னால் கணக்குத் தீர்க்க ஆள் வந்தது. ராஜேந்திர சோழனின் மெய்க்கீர்த்தி, கேரளர் ‘முறைமையிற் சூடுங் குலதனமாகிய பலர்புகழ் முடியும் செங்கதிர் மாலையும்’ கைப்பற்றியதாகச் சொல்கிறது. ‘முறைமையிற் சூடும்’ என்ற இரண்டு சொல்லில், பரம்பரை பரம்பரையாக முடிசூடிய வழக்கம் முழுதும் அடங்கிவிடுகிறது.

முடி கையில் இருந்தால் மட்டும் போதாது, சூட்டுவதற்கு உரியவர் வேண்டும் என்பதற்குப் பெரியபுராணத்தில் ஒரு கதை. களந்தைக் கூற்றுவ நாயனார் பெரிய வீரர், பல அரசர்களின் நாடுகளை வென்றுவிட்டார். முடிசூட்டச் சொல்லித் தில்லைவாழ் அந்தணர்களை வேண்டினார். அவர்கள் ‘செம்பியர்தம் தொல்லை நீடுங் குலமுதலோர்க்கு அன்றிச் சூட்டோம் முடி’ என்று சொல்லிவிட்டு, பூஜைக்கு ஒரே ஒரு குடும்பத்தை மட்டும் விட்டுவிட்டு, எங்கே போனார்கள் தெரியுமா? ‘சேரலன்தன் மலைநாடு’. நம் பக்கம்தான். பாலக்காட்டுக் கணவாய் வழியாகத்தான் வந்திருப்பார்கள் என்று வகுப்பில் சொல்லுவேன், பிள்ளைகள் சந்தோஷப்படும் என்பதற்காக. அதற்குச் சாட்சி ஒன்றும் கிடையாது. கூற்றுவருக்கு இறைவன் கனவில் வந்து தன் திருவடியையே முடியாகச் சூட்டினான் என்று கதை முடிகிறது.

சரி, பயன்பாட்டு விஷயம். மண்ணுமங்கலம் என்ற சொல்லை இன்று எங்கே போடலாம்? அரசர் யாரும் இல்லை. சரித்திர நாவல் எழுதுகிறீர்கள், மேடை நாடகம் போடுகிறீர்கள் என்றால் தாராளமாகப் போடலாம். ‘சோழன் மண்ணுமங்கலம் கொண்டான்’ என்றால் சுருக்கமாகவும் கம்பீரமாகவும் இருக்கும், ஒரு முறை விளக்கிவிட்டால் வாசகர் பிடித்துக்கொள்வார். கோயில் சிலையைப் புதிதாக நீராட்டும் நிகழ்ச்சிக்கும் ஒப்புக்கொள்ளலாம். பெண் பிள்ளையின் மஞ்சள் நீராட்டுக்கு இதைப் போடலாமே என்று ஒருவர் கேட்டார். பொருள் இடறாது, ஆனால் பத்திரிகை வாங்கும் நூறு பேரில் தொண்ணூற்றொன்பது பேர் மண்ணைத்தான் நினைப்பார்கள். உங்கள் மாமா நினைத்த மாதிரி.

மனை விழாவுக்குத் தமிழ்ச் சொல் வேண்டும் என்றால் ஒன்று தயாராக இருக்கிறது: கால்கோள் விழா. தொடக்கம் என்பது அதன் பொருள், மேடைகளில் இப்போதும் புழங்கும் சொல்தான். சிலப்பதிகாரத்தில் செங்குட்டுவன் கண்ணகிக்கு இமயத்தில் கல் எடுக்கும் பகுதிக்குக் கால்கோட் காதை என்று பெயர். அதற்கு அடுத்தது அந்தக் கல்லைக் கங்கையில் நீராட்டும் நீர்ப்படைக் காதை. உங்களுக்கு இப்போது வேண்டியது முதலாவது. மலையாளத்துப் பக்கத்து வீட்டுக்காரர் கேட்டால் ‘கல்லிடல்’ என்று சொல்லுங்கள், உடனே புரிந்துவிடும்.

அச்சடித்த பத்திரிகையைக் கிழிக்க வேண்டாம், காசு போட்டது. ‘மண்ணுமங்கல’ என்ற இடத்தின் மேல் ‘கால்கோள்’ என்று சின்னதாக ஒரு ஸ்டிக்கர் அடித்து ஒட்டிவிடுங்கள், எழுத்து குறைவு என்பதால் இடம் தாராளமாகப் போதும். மாமா கேட்டால், அச்சகத்தில் ஏதோ பிழை என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் ‘விழா’வையும் சேர்த்து மறைத்து ஒட்டிவிடாதீர்கள், அப்புறம் வெறும் கால்கோள் என்று நிற்கும், ஏதோ நாற்காலி மேஜைக் கடை திறப்பு என்று நினைத்துக்கொண்டு வருவார்கள்.